அப்பாக்கள் பேசி வைத்த கல்யாணம், பள்ளிக்கூடத்தில் ரகசியம்

முதலில் கதையைச் சொல்லிவிடுகிறேன். ஆஸ்பத்திரியில் இரண்டு குழந்தைகள் மாறிப் போகின்றன. பையன் சாதாரண சாப்பாட்டுக் கடைக்காரர் வீட்டில் வளர்கிறான். பெண் பெரிய ஹோட்டல் முதலாளி வீட்டில் வளர்கிறாள். பதினாறு வருஷம் கழித்து உண்மை தெரிய வருகிறது. இரண்டு வீட்டுக்கும் பெற்ற பிள்ளையும் வேண்டும், வளர்த்த பிள்ளையும் வேண்டும். என்ன செய்வது? பெரியவர்கள் கூடிப் பேசி ஒரே போடாகப் போடுகிறார்கள்: "ரெண்டு பேருக்கும் கல்யாணம் பண்ணி வச்சிட்டா, ரெண்டும் நம்ம பிள்ளைங்கதானே!"

இதில் வேடிக்கை என்னவென்றால், அந்தப் பெண் வீட்டில் பேசி வைத்த கல்யாணத்திலிருந்து தப்பிக்க, வழியில் பார்த்த ஒரு பையனை "என் காதலனாக நடி" என்று இழுத்துக்கொண்டு போகிறாள். போன இடத்தில்தான் தெரிகிறது, வீட்டில் பேசி வைத்த மாப்பிள்ளையே அவன்தான் என்று. :-)

நம்ம ஊர் சினிமா மாதிரி இருக்கிறதா? இது ஜப்பானிய மாங்கா (காய் இல்லை, சித்திரக்கதை). மிகி யோஷிகவா என்பவர் 2020 ஜனவரியில் ஒரு வாரப் பத்திரிகையில் ஆரம்பித்தார். ஆங்கிலத்தில் 'எ கப்பிள் ஆஃப் குக்கூஸ்'. ஜப்பானியத் தலைப்புக்கு அர்த்தம், குயிலுக்குப் பேசி வைத்த துணை. இன்னொரு கூட்டில் முட்டையிடும் பறவையைத் தலைப்பில் வைத்ததன் குறும்பு, காக்கைக் கூட்டில் குயில் வளரும் கதை கேட்டு வளர்ந்த நமக்கு விளக்காமலே புரியும்.

என் பெண் பிளஸ் ஒன் படிக்கிறாள். அவள் அலமாரியில் பாடப் புத்தகத்தைவிட மாங்காதான் அதிகம். அதில் நாலைந்தை எடுத்துப் படித்தபோது, இந்தப் பேசி வைத்த கல்யாண விவகாரம் திரும்பத் திரும்ப வருவதைக் கவனித்தேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள், வீட்டில் நிச்சயம் செய்துவிட்டார்கள், வகுப்பில் யாருக்கும் தெரியக்கூடாது. ஜப்பானில் இன்றைக்குப் பெரியவர்கள் பார்த்து முடிக்கும் கல்யாணமே அபூர்வம். அப்படியிருக்க, இளசுகள் படிக்கும் கதைகளில் மட்டும் அப்பாக்கள் ஏன் இன்னும் சம்பந்தம் பேசிக்கொண்டிருக்கிறார்கள்? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனதில் நானூறு வருஷச் சரித்திரம் கிடைத்தது. அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

*

ஜப்பானிய மொழியில் இதற்கு ஒரு தனிச் சொல்லே இருக்கிறது: இய்னஸுகே. பெரியவர்கள், பெரும்பாலும் சின்ன வயசிலேயே, இன்னாருக்கு இன்னார் என்று பேசி வைத்த துணை. "அவளுக்குன்னு பேசி வச்ச பையன்" என்று நம் ஊர்க் கிழவிகள் சொல்வார்களே, கிட்டத்தட்ட அதேதான்.

சாமுராய் காலத்தில் கல்யாணம் என்பது இரண்டு வீடுகளின் ஒப்பந்தம். பெரிய பிரபுக்கள் மட்டத்தில் அது அரசியல் ஒப்பந்தமும்கூட. தோகுகாவா ஆட்சி 1615-ல் போர்வீரக் குடும்பங்களுக்கென்று ஒரு சட்டத் தொகுப்பு போட்டது. அதில் ஒரு விதி, அனுமதி இல்லாமல் தங்களுக்குள் கல்யாணம் பேசி முடிக்கக் கூடாது என்பது. இரண்டு பிரபுக்கள் சம்பந்திகளானால் இரண்டு படைகள் ஒன்று சேர்ந்துவிடுமே என்ற பயம்தான் காரணம்.

1868-ல் மெய்ஜி ஆட்சி வந்தது. ரயில், தபால், வங்கி, கோட்டு சூட்டு எல்லாம் வந்தன. கல்யாண விஷயத்தில் மட்டும் சாமுராய் வீட்டு வழக்கம் நாட்டுக்கே சட்டமானது. 1898-ல் அமலுக்கு வந்த சிவில் சட்டம் 'வீடு' என்பதை ஓர் அமைப்பாகவே வைத்தது. அதற்கு ஒரு தலைவர், பெரும்பாலும் அப்பா அல்லது மூத்த மகன். வீட்டில் யார் கல்யாணம் செய்தாலும் அவர் சம்மதிக்க வேண்டும். போதாததற்கு, ஆண் 30 வயது வரைக்கும் பெண் 25 வயது வரைக்கும் பெற்றோர் சம்மதமும் வாங்க வேண்டும். ஆனால் சட்டப்படி கல்யாணம் செய்யக் குறைந்தபட்ச வயது ஆணுக்கு 17, பெண்ணுக்கு 15! அதாவது கட்டிக் கொடுக்க 15 வயது போதும், தானாக முடிவெடுக்க 25 ஆக வேண்டும். இந்தப் பத்து வருஷ இடைவெளியில்தான் ஒரு தலைமுறைப் பெண்களின் கதையே அடங்கியிருக்கிறது.

அடுத்த வருஷம், 1899-ல், பெண்கள் உயர்நிலைப் பள்ளிகளுக்கான அரசாணை வந்தது. நோக்கம் நல்ல மனைவி, அறிவுள்ள தாய் தயாரிப்பது. இந்தப் பள்ளிகளில் படித்த பெண்கள் தலையில் ரிப்பன், இடுப்பில் ஹகாமா, காலில் பூட்ஸ் என்று சைக்கிளில் போன சித்திரங்களை மாங்காக்களில் பார்க்கலாம். பார்க்க அழகுதான். ஆனால் வகுப்புக்கு நடுவில் மாமியார்கள் வந்து பெண் பார்த்துவிட்டுப் போன காலம் அது. சம்பந்தம் முடிந்தால் பெண் பாதியில் படிப்பை நிறுத்திவிடுவாள். கடைசி வரை படித்துப் பட்டம் வாங்கியவளை, "பாஸ் பண்ற மூஞ்சி" என்று கேலி செய்ய ஒரு சொல்லே புழங்கியது. அழகாக இருந்தால் அதற்குள் யாராவது கொண்டுபோயிருப்பார்களே என்று அர்த்தம். முழுசாகப் படித்ததே அவமானம்!

இதெல்லாம் வெறும் வழக்கம், யாருக்கும் வலிக்கவில்லை என்று நினைக்க வேண்டாம். யானகிஹாரா ப்யாகுரென் என்ற கவிஞரை எடுத்துக்கொள்வோம். 1885-ல் பிறந்தவர், பேரரசர் தைஷோவுக்குச் சொந்தம். சின்ன வயதில் ஒரு பிரபு வீட்டுக்குத் தத்து கொடுத்தார்கள். 15 வயதளவில் அந்த வீட்டுப் பையனுக்கே கட்டி வைத்தார்கள். அது முறிந்தது. 1911-ல் தன்னைவிட இருபத்தைந்து வயது மூத்த நிலக்கரிச் சுரங்க முதலாளி இட்டோ டென்எமோனுக்கு இரண்டாம் முறை கட்டி வைத்தார்கள். பத்து வருஷம் பொறுத்தார். 1921 அக்டோபரில் இளம் வக்கீல் மியாசாகி ர்யூசுகேயுடன் வீட்டை விட்டுப் போனார். கணவருக்கு அவர் எழுதிய விலகல் கடிதம் பகிரங்கமாகவே ஒசாகா நாளிதழில் அச்சாகி நாடே அதிர்ந்தது. அந்தக் காலச் சட்டத்தில் மனைவி வேறொருவருடன் போவது சிறைக்குரிய குற்றம். கணவர் புகார் கொடுக்காததால் தப்பினார். இதே குற்றம் கணவனுக்கு அப்படியே பொருந்தாது என்பதையும் சேர்த்துப் படியுங்கள்.

நடுவில் ஒரு கோர்ட் சமாசாரம். காமர்ஸ் படித்தவனுக்கு ஒப்பந்தச் சட்டம் என்றால் காது நீளும். ஜப்பானில் கல்யாணம் என்பது சட்டப்படி சடங்கு அல்ல, பதிவு. முனிசிபல் அலுவலகத்தில் படிவம் கொடுத்து ஏற்றுக்கொண்டால்தான் கல்யாணம். இதனால் சடங்கை முடித்துப் பெண்ணைக் கூட்டிவந்து, 'நம்ம வீட்டுக்கு ஒத்துவருவாளா, குழந்தை பிறக்குமா' என்று பார்த்துவிட்டுத்தான் பதிவு செய்வது என்று பல வீடுகளில் வழக்கமாக இருந்தது. பிடிக்கவில்லை என்றால் திருப்பி அனுப்பிவிடலாம், கணக்கில் வராத கல்யாணம்தானே! 1915 ஜனவரியில் ஜப்பானின் அன்றைய உச்ச நீதிமன்றம், கல்யாணம் செய்வதாகக் கொடுத்த வாக்கு செல்லுபடியாகும் ஒப்பந்தம், தக்க காரணம் இல்லாமல் முறித்தால் நஷ்ட ஈடு தர வேண்டும் என்று சொன்னது. கல்யாணம் செய்தே ஆக வேண்டும் என்று யாரையும் கட்டாயப்படுத்த முடியாது, முறித்தால் விலை உண்டு, அவ்வளவுதான். நிச்சயம் என்பது வெறும் வாய்ப்பேச்சு அல்ல என்று ஆனது இதற்குப் பிறகுதான்.

*

பெரிய திருப்பம் 1946 பிப்ரவரியில் வந்தது. போரில் தோற்ற ஜப்பானுக்குப் புது அரசியல் சட்டத்தை அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகத்தில் ஒரு சிறு குழு ஒரே வாரத்தில் எழுதியது. பெண்கள் உரிமைப் பகுதி 22 வயதுப் பெண் ஒருவரிடம் வந்தது. பெயர் பெயாட்டே சிரோட்டா. வியன்னாவில் பிறந்தவர்; அப்பா பியானோ கலைஞர்; ஐந்து வயதிலிருந்து பதினைந்து வரை டோக்கியோவில் வளர்ந்தவர். ஜப்பானிய மொழி சரளமாகப் பேசுவார். முகமே பார்க்காத ஆளுக்குக் கழுத்தை நீட்டிய பெண்களை அக்கம்பக்கத்தில் பார்த்து வளர்ந்தவர். ஜீப்பை எடுத்துக்கொண்டு டோக்கியோவின் நூலகங்களைச் சுற்றிப் பல நாட்டு அரசியல் சட்டங்களைத் திரட்டி வந்து எழுதினார்.

அவர் எழுதியதில் பாதி வெட்டுப்பட்டது. மிஞ்சியது 24-ஆவது பிரிவு: கல்யாணம் இருபாலரின் பரஸ்பர சம்மதத்தின் பேரில் மட்டுமே. அந்த 'மட்டுமே' என்ற சொல்லில்தான் விஷயம் இருக்கிறது. வீட்டுத் தலைவர், பெற்றோர், ஜமீன், அரசு எல்லோரையும் ஒரே சொல்லில் வெளியே நிறுத்தியாயிற்று. அரசியல் சட்டம் 1947 மே 3-ல் அமலானது. சிவில் சட்டம் அதற்கேற்பத் திருத்தப்பட்டு 1948 ஜனவரி 1 முதல் வந்தது. வீட்டுத் தலைவர் பதவி ஒழிந்தது. குறைந்தபட்ச வயது ஆணுக்கு 18, பெண்ணுக்கு 16 ஆனது. 20 வயதுக்குள் என்றால் மட்டும் பெற்றோர் ஒப்புதல்.

அதே 1947-ல் கல்வி அடிப்படைச் சட்டம் ஆணும் பெண்ணும் சேர்ந்து படிப்பதை ஏற்றது. ஏழு வயசுக்கு மேல் ஆணும் பெண்ணும் ஒரே பாயில் உட்காரக் கூடாது என்று பழமொழி வைத்திருந்த நாடு. அங்கே உயர்நிலைப் பள்ளியில் பக்கத்து பக்கத்து பெஞ்சு! ஜப்பானியப் பள்ளிக்கூடக் காதல் கதை என்ற சரக்கு முழுக்க இந்த இரண்டு சட்டங்களின் பிள்ளை என்றே சொல்வேன். ஒன்று சம்மதத்தைக் கொடுத்தது, இன்னொன்று சந்திக்க இடத்தைக் கொடுத்தது.

சட்டம் ஒரே நாளில் மாறும், வீடு மாறுமா? 1930-களில் நடந்த கல்யாணங்களில் சுமார் 70 சதவீதம் 'ஓமியாய்' வழி வந்தவை, அதாவது தரகரோ உறவினரோ மேலதிகாரியோ ஏற்பாடு செய்து பெண்பார்க்கும் வழி. 1950-களிலும் அதுவே பாதிக்கு மேல். 1958 நவம்பரில் பட்டத்து இளவரசர் அகிஹிதோவுக்கு மிச்சிகோ ஷோதா நிச்சயமானார். அரச குடும்பம் அல்ல, மாவு மில் நிறுவனத் தலைவரின் மகள். முந்தைய வருஷம் கருயிசாவா டென்னிஸ் மைதானத்தில் ஆட்டத்தில் சந்தித்தவர்கள். 1959 ஏப்ரல் 10-ல் கல்யாணம். அதைப் பார்க்கவே ஜனங்கள் டி.வி. பெட்டி வாங்கினார்கள். இளவரசரே தனக்குப் பிடித்த பெண்ணைக் கட்டுகிறார் என்றால் நமக்கென்ன என்று ஒரு தலைமுறை நினைத்தது. 1960-களின் கடைசியில் காதல் கல்யாணங்கள் ஓமியாயை முந்தின. 2010 வாக்கில் ஓமியாய் இருபதில் ஒன்று என்ற அளவுக்கு இறங்கிவிட்டது.

*

சரி, மாங்காவுக்கு வருவோம்.

பெண் பிள்ளைகளுக்கான வாரப் பத்திரிகைகள் 1963 வாக்கில் கிளம்பின. 'மார்கரெட்', 'ஷோஜோ ஃப்ரெண்ட்' இரண்டும் அந்தக் காலத்தவை. காதல் கல்யாணமும் பார்த்துச் செய்யும் கல்யாணமும் சரிக்குச் சமமாக நின்ற அந்தப் பத்து வருஷத்தில்தான் இந்தக் கதைகளுக்கு விதை விழுந்தது. மார்கரெட்டில் 1969-ல் வந்தது 'என் மனைவிக்கு 18 வயது' என்ற தொடர். அதை 1970-ல் டி.வி. நாடகமாக்கினார்கள்: பள்ளி மாணவியும் அவள் பள்ளி ஆசிரியரும் கணவன் மனைவி, பள்ளியில் யாருக்கும் தெரியாது. நாடகம் சக்கைப்போடு போட்டது.

அடுத்தது எனக்கு மிகவும் பிடித்தது. யமாதோ வாகி 1975 முதல் 1977 வரை எழுதிய 'ஹைகாரா-சான் கா தூரு'. கழுத்துப்பட்டை உயர்ந்த மேல்நாட்டுச் சட்டை போட்ட நாகரிகக்காரர்களை ஹைகாரா என்பார்கள். கதை தைஷோ காலம் (1912-1926). 17 வயது பெனியோ வாள் வீசுவாள், மரம் ஏறுவாள், சமைக்கத் தெரியாது. திடீரென்று ஒரு ராணுவ லெஃப்டினென்ட் வந்து, நான்தான் உனக்குப் பேசி வைத்தவன் என்கிறான். விஷயம் என்னவென்றால், இவள் தாத்தாவும் அவன் பாட்டியும் இளமையில் காதலித்தவர்கள். வீட்டு அந்தஸ்து குறுக்கே நின்றதால் சேர முடியவில்லை. பிரியும்போது, நம் வம்சத்திலாவது ஒரு ஜோடி சேரட்டும் என்று வாக்குக் கொடுத்துக்கொண்டார்கள். இரண்டு பேருக்கும் பிறந்தது ஆண் பிள்ளைகள். வாக்கு பேரப்பிள்ளைகள் தலையில் இறங்கிவிட்டது.

இந்த முடிச்சைக் கவனியுங்கள். இங்கே பேசி வைத்த கல்யாணமே ஒரு தோற்றுப்போன காதலின் பாக்கி! அசலை வாங்கியது தாத்தா, வட்டியோடு கட்ட வேண்டியது பேத்தி. பெனியோ முதலில் முரண்டு பிடிக்கிறாள், பிறகு மனதாரக் காதலிக்கிறாள். அவன் சைபீரியப் போருக்கு அனுப்பப்படுகிறான், அவள் பத்திரிகை நிருபர் ஆகிறாள், கதை 1923 செப்டம்பர் 1 பூகம்பம் வரை போகிறது. 1977-ல் கோடன்ஷா மாங்கா பரிசு முதன்முதலாகக் கொடுக்கப்பட்டபோது ஷோஜோ பிரிவில் பரிசு பெற்ற தொடர்களில் இதுவும் ஒன்று.

பையன்கள் பத்திரிகையில் இதைச் சிரிப்பாக மாற்றியவர் ருமிகோ தகஹாஷி. 1978-ல் தொடங்கிய 'உருசெய் யாட்சுரா'வில், வேற்றுக்கிரகப் பெண் லம்மை ஓடிப் பிடிக்கும் போட்டி. ஜெயித்தால் உன்னைக் கட்டிக்கிறேன் என்று கதாநாயகனிடம் அவன் தோழி சொல்லியிருக்கிறாள். அவன் ஜெயித்த சந்தோஷத்தில் இனிமேல் கல்யாணம்தான் என்று கத்த, லம் அது தனக்குச் சொன்னது என்று நினைத்து வீட்டோடு வந்துவிடுகிறாள். 1987-ல் வந்த 'ரன்மா ½' இன்னும் நேரடி. இரண்டு அப்பாக்கள், சண்டைக் கலைப் பள்ளியின் வாரிசுக்காகத் தங்கள் பிள்ளைகளைப் பேசி வைக்கிறார்கள். இருவருக்கும் 16 வயது, பார்த்த நாளிலிருந்து அடிதடி. 38 புத்தகம், 1996 வரை ஓடியது, கடைசிப் பக்கம் வரை கல்யாணம் முடியவில்லை!

கவோரு தடாவின் 'இதாசுரா நா கிஸ்' 1990-ல் தொடங்கியது. நிலநடுக்கத்தில் வீடிழந்த பெண், அப்பாவின் நண்பர் வீட்டில் குடியேறுகிறாள். அது அவள் காதல் கடிதத்தை வாங்காமல் திருப்பிய பையன் வீடு. பள்ளியில் மறைக்கிறார்கள், பையனின் அம்மாவோ இவள்தான் மருமகள் என்று முடிவே கட்டிவிட்டார். தடா 1999 மார்ச்சில் 38 வயதில் காலமானார், கதை முடியாமலே நின்றது. ஆனால் தைவானில் 2005-லும் கொரியாவில் 2010-லும் நாடகமாகி ஆசியா முழுக்கப் போனது. மாங்கா பக்கமே போகாத வீடுகளிலும் கொரிய நாடகம் பார்க்கும் பிள்ளைகளுக்கு இந்தக் கதை தெரிந்திருக்கும்.

*

இந்தக் கதைகளை வரிசையாக வைத்துப் பார்த்தபோது ஒரு கணக்கு பிடிபட்டது. இது என் சொந்தக் கணக்கு, சரியா என்று நீங்களே பாருங்கள்.

1948 முதல் 2022 வரை பெண்ணுக்கு 16, பையனுக்கு 18. ஜப்பானில் உயர்நிலைப் பள்ளி மூன்று வருஷம், 15 வயதில் சேர்ந்து 18-ல் முடிப்பார்கள். அப்படியென்றால் பள்ளி மாணவி ஒருத்தி, பெற்றோர் கையெழுத்து இருந்தால், சட்டப்படி மனைவியாகலாம். ஆனால் அவளோடு அதே வகுப்பில் படிக்கும் பையன் கணவனாக முடியாது, வயது போதாது. ஆகவே கதாநாயகன் ஆசிரியர் அல்லது வயது மூத்தவர் என்றால் அது 'ரகசியக் கல்யாண'க் கதை. அவன் வகுப்புத் தோழன் என்றால் 'ரகசிய நிச்சயதார்த்த'க் கதை. எழுதுபவரின் கற்பனை எவ்வளவு பறந்தாலும் சட்டத்தின் வயது வரம்பு கதைக்குக் கூரை போட்டிருக்கிறது.

இன்னொரு விஷயம். கல்யாணம் குடும்பப் பதிவேட்டில் ஏறும். கணவன் மனைவிக்கு ஒரே குடும்பப் பெயர்தான் இருக்க வேண்டும் என்பது சட்டம், சுமார் 95 சதவீதம் பெண்கள்தான் மாற்றிக்கொள்கிறார்கள். ஆக, வருகைப் பதிவில் பெயர் கூப்பிடும்போதே குட்டு உடையும் அபாயம் உண்டு. நிச்சயம் எந்தப் பதிவேட்டிலும் ஏறாது. அது நாலு பெரியவர்களின் ஞாபகத்தில் மட்டும் இருக்கிறது. ரகசியம் காப்பதற்கு இதைவிட வசதியான உறவு கிடையாது.

வங்கிக்காரனாக எனக்கு ஆச்சரியம் தந்தது 753-ஆவது பிரிவு. 20 வயதுக்குள் கல்யாணமானால் சட்டம் அவரை மேஜராகக் கருதும். 16 வயது மனைவி கார்டியன் இல்லாமலே ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடலாம். அவள் வகுப்புத் தோழி மைனர்! காகிதத்தில் பெரிய மனுஷி, வகுப்பில் வீட்டுப்பாடம் எழுதாமல் நின்றுகொண்டிருப்பாள். நகைச்சுவைக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்?

ஏன் மறைக்க வேண்டும்? பள்ளி விதிகள்தான் காரணம். முடியின் நிறம், சாக்ஸ் நீளம் வரை விதி வைத்த பள்ளிகள் அங்கே நிறைய. காதலே கூடாது என்ற விதியும் சில இடங்களில் உண்டு. இது கதைக்கான மிகைப்படுத்தல் அல்ல. காதலித்ததற்காகப் பள்ளியை விட்டு விலக வைக்கப்பட்ட ஒரு மாணவி தொடுத்த வழக்கில் 2022 நவம்பரில் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. அப்படி விதி வைப்பது தவறில்லை, ஆனால் விலகச் சொன்னது அத்துமீறல் என்று பள்ளி நஷ்ட ஈடு கட்ட உத்தரவானது. மாங்காவில் சிரித்துக்கொண்டே படிக்கிற அதே பயம், ஒரு நிஜப் பெண்ணுக்குப் படிப்பில் விழுந்த அடி.

2022 ஏப்ரல் 1-ல் சட்டம் மறுபடி மாறியது. மேஜர் வயது 20-லிருந்து 18 ஆனது. பெண்ணின் கல்யாண வயது 16-லிருந்து 18-க்கு உயர்ந்தது. பெற்றோர் ஒப்புதல், கல்யாணத்தால் மேஜராவது இரண்டும் தேவையற்றுப் போய் நீக்கப்பட்டன. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே வயது என்று ஆக, 1898-லிருந்து கணக்கிட்டால் 124 வருஷம் ஆகியிருக்கிறது. (நம் நாட்டில் 1978 திருத்தத்திலிருந்து 18-ம் 21-ம். பெண்ணுக்கும் 21 ஆக்கும் மசோதா 2021 டிசம்பரில் வந்தது, 2024-ல் மக்களவை கலைந்தபோது காலாவதியானது.) பள்ளி மனைவிக் கதைகள் இனி பழங்கதை. கடைசி வருஷத்தில் 18 முடிந்தவர்களைத் தவிர, பள்ளிப் பிள்ளைகளுக்கு மிஞ்சியிருப்பது நிச்சயதார்த்தம்தான். குயில் மாங்கா போன்றவை இன்னும் வண்டி ஓட்ட இதுவும் ஒரு காரணம்.

*

ஆரம்பக் கேள்விக்கு வருகிறேன். பேசி வைப்பது அற்றுப்போன நாட்டில் இந்தக் கதைகளுக்கு ஏன் இத்தனை கிராக்கி?

ஓமியாய் போன இடம் காலியாகவே இருக்கிறது என்பதுதான் எனக்குத் தோன்றும் பதில். ஐம்பது வயது வரை கல்யாணமே ஆகாதவர்கள் 1970-ல் ஆண்களில் 1.7 சதவீதம், பெண்களில் 3.3. 2020 கணக்கெடுப்பில் ஆண்கள் சுமார் 28, பெண்கள் சுமார் 18 சதவீதம். 2024-ல் பிறந்த குழந்தைகள் ஏழு லட்சத்துக்கும் கீழே. சம்மதம் மட்டுமே என்று சட்டம் சொல்லியாயிற்று. அந்தச் சம்மதத்தைக் கேட்கும் இடத்துக்கு யார் கொண்டுபோய் விடுவது? தரகர் போனார், சம்பந்தம் பேசும் மேலதிகாரி போனார். வேலை தேடுவதைப்போல முயற்சி எடுத்துத் துணை தேடுவதற்கு 'கோன்காட்சு' என்று புதுச் சொல் 2008 வாக்கில் பிரபலமானது. 2024 செப்டம்பரில் டோக்கியோ நகர அரசே ஜோடி சேர்க்கும் செயலி ஒன்றைத் தொடங்கியது. 2014-ல் வந்த 'கோய் டு உசோ' மாங்காவில், பிறப்பு விகிதம் குறைந்ததால் 16 வயதானதும் துணை யாரென்று அரசாங்கமே நோட்டீஸ் அனுப்பும். கற்பனைதான். படித்துவிட்டு அந்தச் செயலிச் செய்தியைப் பார்த்தால் லேசாகச் சிரிப்பு வரும்.

'நான் உன்னை விரும்புகிறேன்' என்று முதலில் சொல்ல நாக்கு எழாத பிள்ளைகளுக்கு, அப்பாக்கள் பேசி வைத்த கல்யாணம் ஒரு சாக்கு. நிராகரிப்பு பயம் இல்லை, அறிமுகம் தானாகக் கிடைத்துவிட்டது. ஆனால் கவனியுங்கள், இந்தக் கதைகள் எதிலும் அப்பாக்களின் சொல்லோடு விஷயம் முடிவதில்லை. பெனியோ தானாக நேசிக்க வேண்டியிருக்கிறது. ரன்மா ஜோடி 38 புத்தகம் சண்டை போட வேண்டியிருக்கிறது. பெரியவர்கள் அறிமுகம் செய்யலாம், சரி என்று சொல்வது சின்னவர்கள். பெயாட்டே சிரோட்டா எழுதிய 'மட்டுமே' இந்தச் சிரிப்புக் கதைகளுக்குள்ளும் கெட்டியாக உட்கார்ந்திருக்கிறது.

ஊரை விட்டு வந்து புனேயிலும் டெல்லியிலும் இருக்கும் நமக்கு இது தூரத்துச் சமாசாரம் இல்லை. இங்கே நம் பிள்ளைகளுக்கு அத்தை மாமா அக்கம்பக்கத்தில் இல்லை, விசேஷ வீட்டில் பார்த்துப் பேசும் உறவு இல்லை. நாமோ போனில் ஜாதகமும் போட்டோவும் வாங்கிக்கொண்டு, பிள்ளைக்குத் தெரியாமல் பாதிப் பேச்சை முடித்துவிடுகிறோம். அந்தக் கதைகளில் பிள்ளைகள் பள்ளியிடம் மறைக்கிறார்கள். நம் வீடுகளில் பெற்றவர்கள் பிள்ளையிடம் மறைக்கிறோம், பிள்ளைகள் நம்மிடம் மறைக்கிறார்கள். சம்மதம் கேட்பது கடைசியில் போடும் கையெழுத்தாக இல்லாமல் முதல் பேச்சாக இருந்தால், இரண்டு பக்கமும் மறைப்பதற்கு ஒன்றும் இருக்காது.

என் பெண்ணிடம் இதெல்லாம் சொன்னபோது அவள் கேட்டது ஒன்றுதான்: "ப்யாகுரென் அப்புறம் என்ன ஆனாங்க அப்பா?" அந்த வக்கீலையே கட்டிக்கொண்டு, நோய்வாய்ப்பட்ட அவரைப் பார்த்துக்கொண்டு, எழுதிச் சம்பாதித்துக் குடும்பம் நடத்தினார். போரில் மகனை இழந்தார், பிறகு சமாதானத்துக்காக ஊர் ஊராகப் பேசினார். 1967-ல் 81 வயதில் காலமானார். மூன்றாவது கல்யாணம், அவரே தேர்ந்தெடுத்தது, நாற்பது வருஷத்துக்கு மேல் நிலைத்தது.

டிஸ்கி: பிள்ளைகள் படிக்கும் மாங்காவில் எல்லாமே எல்லா வயதுக்கும் ஏற்றதல்ல. 'ஹைகாரா-சான்' தைரியமாகக் கொடுக்கலாம், நீங்களும் படிக்கலாம். வலமிருந்து இடமாகப் புரட்ட வேண்டும், இரண்டு நாளில் பழகிவிடும். :-)